கன்னித்தன்மைக்கு உடலில் சாட்சி உண்டா? வாசகர் கேள்விகளும் மருத்துவர் பதில்களும்

தை மாதத் திருமணங்கள் நெருங்குவதாலோ என்னவோ, இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே விஷயத்தைத்தான் சுற்றி வருகின்றன. மகப்பேறு மருத்துவராக என் அறைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு தாழ்ந்த குரலில் கேட்கப்படும் கேள்விகளும் இவையே. ஆகவே மற்றக் கடிதங்களை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு, இவற்றுக்கு மட்டும் இங்கே பதில் எழுதுகிறேன். கேட்டவர்கள் அனைவரும் 18 வயது நிறைந்தவர்கள். அவர்களை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை நீக்கியிருக்கிறேன்.

எனக்கு 26 வயது. தை மாதம் திருமணம். கல்லூரியில் கபடி விளையாடியிருக்கிறேன். மூன்று ஆண்டுகளாக மாதவிடாய்க்கு மென்ஸ்ட்ருவல் கப் பயன்படுத்துகிறேன். அதனால் கன்னித்திரை கிழிந்திருக்கும் என்றும், முதலிரவில் இரத்தம் வராவிட்டால் மாப்பிள்ளை சந்தேகப்படுவார் என்றும் என் அக்கா பயப்படுகிறாள். நான் இதுவரை யாருடனும் உறவு கொண்டதில்லை. இதை ஒரு மருத்துவரிடம் காட்டி, சான்றிதழ் வாங்கி வைத்துக்கொள்ளலாமா?
– வாசகி, நாமக்கல்

அப்படி ஒரு சான்றிதழை நேர்மையான மருத்துவர் எவராலும் எழுதித் தர முடியாது, சகோதரி. பார்த்துச் சொல்லக்கூடிய அடையாளம் எதுவும் பெண்ணுடலில் கிடையாது.

கன்னித்திரை என்ற சொல்தான் முதலில் நம்மைத் தவறான வழிக்கு இழுத்துச் செல்கிறது. திரை என்றதும் வாசலை மூடித் தொங்கும் துணியும், அதைக் கிழித்துக்கொண்டுதான் உள்ளே போக முடியும் என்ற எண்ணமும் தாமாகவே வந்துவிடுகின்றன. அந்த வாசல் உண்மையிலேயே மூடியிருந்தால், நீங்கள் வயதுக்கு வந்த நாள் முதல் மாதாமாதம் இரத்தம் எந்த வழியாக வெளியே வந்தது? பிறவியிலேயே முழுவதும் மூடிய நிலை என்று ஒன்று உண்டு. ஏறக்குறைய ஆயிரம் அல்லது இரண்டாயிரம் பெண் குழந்தைகளில் ஒருவருக்கு அப்படி அமையும். அவர்களுக்குப் பருவ வயதில் மாதந்தோறும் அடிவயிற்றில் வலி வரும், இரத்தம் மட்டும் வெளிவராது. சிறிய அறுவை சிகிச்சை செய்து திறந்துவிட வேண்டியிருக்கும். மற்றவர்களுக்கெல்லாம் அது யோனி வாயின் உள்ளோரத்தைச் சுற்றி அமைந்த மெல்லிய சவ்வு மடிப்பு, அவ்வளவுதான்.

என் மேஜை இழுப்பறையில் கொண்டைக்குப் போடும் துணி ரப்பர் பேண்டு ஒன்று எப்போதும் இருக்கும். இந்தக் கேள்வியோடு வருகிறவர்களிடம் அதை எடுத்துக் கொடுத்து, இரண்டு விரல்களை உள்ளே விட்டு விரித்துப் பார்க்கச் சொல்வேன். சுருக்கங்கள் நிமிர்ந்து விரியும். விரலை எடுத்ததும் மறுபடி சுருங்கும். நடுவே வழி முன்பும் இருந்தது, பின்பும் இருக்கிறது. அந்த மடிப்பும் இப்படிப்பட்டதுதான். சிலருக்கு முழு வளையமாக இருக்கும், சிலருக்குப் பிறைபோல் ஒரு பக்கம் மட்டும் இருக்கும், சிலருக்கு ஓரம் பூவிதழ் போலச் சிலும்பியிருக்கும், சிலருக்கு நடுவில் ஒரு இழை ஓடி இரு துளையாகத் தெரியும். முகத்துக்கு முகம் மூக்கு மாறுவதைப் போலத்தான் இதுவும் மாறுகிறது. பருவமடையும் காலத்தில் சுரக்கும் ஈஸ்ட்ரோஜன் என்ற பெண் ஹார்மோன் இந்த மடிப்பைத் தடிமனாக்கி, இழுத்தால் இழுபடும் தன்மையையும் தருகிறது. அதில் இரத்தக் குழாய்களும் அதிகம் இல்லை. ஆகவே, மனம் இசைந்து, உடல் ஈரப்பதம் கொண்டு, பொறுமையாக நிகழும் முதல் உறவில் ஒரு சொட்டு இரத்தம்கூட வராமல் இருப்பது மிக இயல்பானது. வறட்சியும் அச்சமும் அவசரமும் சேரும்போதுதான் மடிப்பிலோ யோனிச் சுவரிலோ கீறல் ஏற்பட்டு இரத்தம் வர அதிக வாய்ப்பு இருக்கிறது. நம் ஊரில் பல தலைமுறைகளாக ஒழுக்கத்தின் சான்றாகப் பார்க்கப்பட்ட கறை, பல வேளைகளில் அந்தப் பெண்ணுக்கு அன்று நேர்ந்த காயம்தான் என்பதை நினைக்கும்போது எனக்கு இப்போதும் நெஞ்சு கனக்கிறது.

அமெரிக்காவில் 2004ஆம் ஆண்டு வெளியான ஒரு மருத்துவ ஆய்வில், ஏற்கெனவே கருவுற்றிருந்த 36 இளம்பெண்களின் பரிசோதனைப் பதிவுகள் ஆராயப்பட்டன. உறவு நிகழ்ந்ததற்கான உறுதியான அடையாளம் இருவரிடம் மட்டுமே காணப்பட்டது. கருவுற்ற பெண்ணிடமே தெரியாத ஒன்று வேறு யாரிடம் தெரியும்? உலக சுகாதார நிறுவனமும் ஐக்கிய நாடுகள் சபையின் மகளிர் அமைப்பும் மனித உரிமை அலுவலகமும் 2018 அக்டோபரில் கூட்டாக அறிக்கை வெளியிட்டு, கன்னித்தன்மைச் சோதனைக்கு அறிவியல் அடிப்படை ஏதும் இல்லை, அது பெண்ணின் உரிமையை மீறும் செயல், அதை எங்கும் நிறுத்த வேண்டும் என்று கேட்டுக்கொண்டன. சுவீடனில் பாலியல் கல்விக்கான சங்கம் ஒன்று 2009இல் பழைய சொல்லையே கைவிட்டு, யோனி வளையம் என்று பொருள்படும் புதிய சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தது. நாமும் திரையை விட்டுவிட்டு வளையம் என்று சொல்லத் தொடங்கினாலே பாதிப் பயம் போய்விடும் என்று நான் நம்புகிறேன்.

கபடி விளையாடியதில் தவறேதும் இல்லை. கப் பயன்படுத்தினால் அந்த வளையம் சற்று நெகிழலாம். அதனால் உங்களுக்கு எந்த இழப்பும் இல்லை, தயங்காமல் தொடருங்கள். அக்காவின் பயம் உங்கள் மேல் கொண்ட பாசத்தில் பிறந்தது. இந்தப் பக்கத்தை அவரிடமும் படிக்கக் கொடுங்கள். நிச்சயம் முடிந்திருப்பதால் மாப்பிள்ளையுடன் தொலைபேசியில் பேசிக்கொண்டுதான் இருப்பீர்கள். மண்டபம், புடவை நிறம் என்று பேசுவதற்கு நடுவே ஒரு நாள், "இப்படி ஒரு தவறான நம்பிக்கை இருக்கிறதாம், மருத்துவர் எழுதியிருக்கிறார்" என்று இதையும் சொல்லிப் பாருங்கள். அவர் அதை எப்படிக் கேட்டுக்கொள்கிறார் என்பது, எந்தச் சான்றிதழும் தராத தெளிவை உங்களுக்குத் தரும்.

எனக்குத் திருமணமாகி 22 நாட்கள் ஆகின்றன. முதலிரவில் என் மனைவிக்கு இரத்தம் வரவில்லை. மறுநாள் காலையில் என் அம்மா படுக்கை விரிப்பைத் தானே வந்து எடுத்துப் பார்த்துவிட்டு, ஒன்றும் பேசாமல் போனார். அன்றிலிருந்து என்னால் மனைவியிடம் முகம் கொடுத்துப் பேச முடியவில்லை. அவளைப் பரிசோதித்து உண்மையைச் சொல்வீர்களா? பொய் சொல்லித் திருமணம் செய்துகொண்டிருந்தால், ரத்து செய்யச் சட்டத்தில் இடம் இருக்கிறதா?
– வாசகர், திருப்பூர்

தம்பி, முதல் கடிதத்துக்கான பதிலை முழுவதும் படித்துவிட்டு இங்கே வாருங்கள். உங்கள் சந்தேகம் எந்த ஆதாரத்தின் மேல் நிற்கிறதோ, அந்த ஆதாரமே இல்லை என்பது புரியும்.

நான் பரிசோதிக்க மாட்டேன். வேறு எவரும் செய்யக்கூடாது. பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களிடம், யோனிக்குள் இரு விரல்களை விட்டு அவர்கள் உறவுக்குப் பழகியவர்களா என்று பார்க்கச் செய்யப்பட்டு வந்த இருவிரல் சோதனை அவர்களுடைய அந்தரங்க உரிமையை மீறுகிறது என்று உச்ச நீதிமன்றம் 2013இல் தீர்ப்பளித்தது. 2022 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, அந்தச் சோதனையை மருத்துவர்கள் செய்வதற்கு உடனே தடை விதிக்கும்படி அரசுக்கு உத்தரவிட்டது. அதே ஆண்டு அக்டோபரில், அதைச் செய்கிறவர் தொழில்முறைத் தவறு இழைத்தவராகக் கருதப்படுவார் என்று உச்ச நீதிமன்றம் மேலும் கடுமையாகச் சொன்னது. காவலில் இருக்கும் பெண்ணுக்குக் கன்னித்தன்மைச் சோதனை செய்வது அரசியலமைப்புக்கு எதிரானது என்று டெல்லி உயர் நீதிமன்றம் 2023இல் கூறியது. வழக்கு நடக்கும் இடத்திலேயே அனுமதிக்கப்படாத ஒன்றைக் குடும்பத்துக்குள் அனுமதிக்க எந்த நியாயமும் இல்லை.

ரத்து பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். இந்துத் திருமணச் சட்டம் 1955இன் 12ஆம் பிரிவு, எந்தெந்தக் காரணங்களுக்காகத் திருமணத்தைச் செல்லாததாக்கலாம் என்று சொல்கிறது. மணமாகும் வேளையில் மனைவி வேறொருவரால் கருவுற்றிருந்து, அது கணவருக்குத் தெரியாமல் இருந்தால் அது ஒரு காரணம். இரத்தம் வரவில்லை என்பதோ கன்னியாக இல்லை என்பதோ அந்தப் பட்டியலில் இல்லை. மாறாக, இதைச் சொல்லி மனைவியை அவமானப்படுத்துவதும் ஒதுக்கி வைப்பதும் 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் உங்கள் மேல் புகாராக வர முடியும்.

சட்டம் இருக்கட்டும். அந்த வீட்டில் உங்கள் மனைவிக்கு இன்று 22ஆம் நாள். எந்த டப்பாவில் உப்பு இருக்கிறது, எந்த நேரத்தில் தண்ணீர் வரும் என்பதே இப்போதுதான் பழகியிருக்கும். தெரிந்த முகம் என்று அவருக்கு அங்கே இருந்தது நீங்கள் ஒருவர்தான்; அந்த முகமும் காரணம் சொல்லாமல் திரும்பிக்கொண்டது. சில ஆண்டுகளுக்கு முன் இதே நிலையில் ஒரு தம்பதி என் அறைக்கு வந்தார்கள். இருவருக்கும் நடுவே ஒரு நாற்காலியை காலியாக விட்டு உட்கார்ந்திருந்தார்கள். படம் வரைந்து விளக்கி முடித்ததும், அந்தக் கணவர் வெகுநேரம் தலையைக் குனிந்தபடி இருந்துவிட்டு, "இவ்வளவு நாள் என்ன பண்ணிட்டேன்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். மனைவி அழவும் இல்லை, சமாதானம் சொல்லவும் இல்லை. "என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்" என்றார். அவர்களுக்கு மறுபடி இயல்பாகப் பேசிப் பழக ஏறக்குறைய ஓர் ஆண்டு பிடித்தது. உங்களுக்கு இன்னும் காலம் கடந்துவிடவில்லை. இன்றிரவே அவரிடம் மன்னிப்புக் கேளுங்கள். எதற்காகக் கேட்கிறீர்கள் என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். அம்மாவிடம் தனியாக, மரியாதை குறையாமல், ஆனால் தெளிவாக, இனி எங்கள் அறை எங்களுடையது என்று சொல்லுங்கள். அம்மாவும் ஒரு காலத்தில் அப்படி ஒரு விரிப்பின் முன்னால் நின்று நடுங்கியவராக இருக்கலாம். அவர் மேல் கோபம் வேண்டாம்.

ஒருவேளை மனைவிக்குத் திருமணத்துக்கு முன் ஒரு உறவு இருந்திருந்தால் என்ற எண்ணம் இன்னும் மனதில் ஓடினால், உங்களிடம் அப்படி ஒரு கேள்வியை யாராவது கேட்டார்களா என்று யோசித்துப் பாருங்கள். அவருடைய கடந்த காலத்தைச் சொல்வதும் சொல்லாததும் அவர் விருப்பம். மகாராஷ்டிரத்தில் கஞ்சர்பாட் சமூகத்தில் முதலிரவு விரிப்பைப் பஞ்சாயத்தாரிடம் காட்டும் வழக்கம் இருந்தது. 2018 வாக்கில் அதை எதிர்த்து வீதிக்கு வந்தவர்கள் அந்தச் சமூகத்து இளைஞர்களேதான், ஆண்களும் பெண்களுமாக. ஊரையே எதிர்த்து அவர்களால் நிற்க முடிந்ததென்றால், வீட்டுக்குள் உங்களாலும் முடியும்.

திருமணத்துக்கு முன் கன்னித்திரையைத் தைத்துச் சரிசெய்யும் அறுவை சிகிச்சை இருப்பதாக இணையத்தில் விளம்பரம் பார்த்தேன். செய்துகொள்ளலாமா? வயது 25.
– வாசகி, சென்னை

வேண்டாம். அதற்கு மருத்துவத் தேவை எதுவும் இல்லை. தைத்தாலும் இரத்தம் வரும் என்ற உறுதி கிடையாது. தழும்பு, தொற்று, பின்னாளில் உறவின்போது வலி ஆகியவைதான் மிஞ்சும். பிரிட்டன் 2022ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூலம் கன்னித்தன்மைச் சோதனையையும் இந்த அறுவை சிகிச்சையையும் குற்றமாக்கிவிட்டது. முன்பு உறவு ஏதேனும் இருந்திருந்தாலும், அதைப் பற்றி வருங்காலக் கணவரிடம் சொல்ல வேண்டிய கடமை உங்களுக்கு இல்லை. சொல்லத் தோன்றினால் சொல்லுங்கள். பால்வினைத் தொற்று ஏதேனும் இருக்கிறதா என்று மட்டும் ஒருமுறை இரத்தப் பரிசோதனையும் மருத்துவ ஆலோசனையும் செய்துகொள்வது நல்லது. அது இருவர் உடல்நலம் சார்ந்த விஷயம். அதை அவரும் செய்துகொள்ளட்டும்.

நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியர். தங்கள் பதில்களைத் தொடர்ந்து படித்து வருகிறேன். மருத்துவம் சொல்லுங்கள், மறுக்கவில்லை. ஆனால் இப்படியே எழுதிக்கொண்டு போனால் கற்பு என்ற சொல்லுக்கே நம் மண்ணில் இடமில்லாமல் போய்விடாதா?
– வாசகர், தஞ்சாவூர்

ஐயா, உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். திருமணம் வரை காத்திருப்பது என்று தனக்குத் தானே முடிவெடுத்து, அதில் நிறைவு காண்கிற ஆண்களையும் பெண்களையும் நான் நிறையச் சந்திக்கிறேன். அவர்களை நான் ஒருநாளும் குறைவாக நினைத்ததில்லை. அது அவர்களுடைய நெறி, அவர்களுடைய பெருமை. அந்த நெறியைப் பிறர் கையில் அளவுகோலாகக் கொடுத்து, பெண்ணின் உடலை மட்டும் அளக்கச் சொல்லும்போதுதான் என்னைப் போன்ற மருத்துவர்களிடம் காயங்கள் வந்து சேர்கின்றன.

சொல்லைப் பற்றி உங்களுக்கு நான் சொல்வது முறையல்ல, ஆயினும் நினைவூட்டுகிறேன். தொல்காப்பியம் அகவாழ்வைக் களவு, கற்பு என்று இரண்டாகப் பகுக்கிறது. ஊரறியாமல் இருவர் மனம் கலந்து வாழும் காதல் களவு. அது மணமாகி ஊரறிய நடக்கும் இல்வாழ்வு கற்பு. வகுப்பில் எத்தனையோ முறை நடத்தியிருப்பீர்கள். அங்கே கற்பு என்பது உடலின் ஓர் உறுப்புக்கு இட்ட பெயர் அல்ல. பின்னாளில் அது பெண்ணுக்கு மட்டும் உரிய கடமையாகச் சுருங்கியதையும், இரு பாலார்க்கும் பொதுவாக வைப்போம் என்று பாரதியார் குரல் கொடுத்து நூறாண்டு கடந்துவிட்டதையும் நீங்கள் அறிவீர்கள். அதன் பிறகும் நாம் எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம்? 2005ஆம் ஆண்டு நடிகை குஷ்பு திருமணத்துக்கு முந்தைய உறவு பற்றியும் பாதுகாப்பு பற்றியும் பத்திரிகை ஒன்றில் கருத்துச் சொன்னதற்காக அவர் மேல் 23 வழக்குகள் தொடரப்பட்டன. 2010 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அவற்றைத் தள்ளுபடி செய்யும் வரை அவர் நீதிமன்றப் படி ஏற வேண்டியிருந்தது.

உங்களிடம் ஒன்று கேட்க அனுமதி கொடுங்கள். உங்கள் பள்ளியில் உயிரியல் பாடத்தில் இனப்பெருக்க மண்டலம் என்ற பாடம் எப்படி நடத்தப்பட்டது? நான் படித்தபோது, ஆசிரியை அந்த இரண்டு பக்கங்களைப் புரட்டிவிட்டு, "இதை வீட்டில் படித்துக்கொள்ளுங்கள்" என்றார். வீட்டில் யாரும் சொல்லித் தரவில்லை. அந்தப் பக்கங்களைப் புரட்டிக் கடந்த தலைமுறையின் பிள்ளைகள்தான் இன்று எனக்குக் கடிதம் எழுதுகிறார்கள். உங்கள் வாயால் உங்கள் பேரப்பிள்ளைகள் இதைக் கேட்டால், என் எழுத்தைவிட அது நூறு மடங்கு பயன் தரும்.

வயது 23. வேலைக்குச் செல்கிறேன், விடுதியில் தங்கியிருக்கிறேன். இரண்டு ஆண்டுகளாகக் காதலிக்கிறோம். அவர் நல்லவர், வற்புறுத்தியதில்லை. ஆனால் நெருக்கம் பற்றிப் பேச்சு வரும்போது, "என் மேல் நம்பிக்கை இல்லையா" என்று கேட்கிறார். எனக்கு ஆசையும் இருக்கிறது, பயமும் இருக்கிறது. நான் மனதளவில் தயாரா என்று எப்படித் தெரிந்துகொள்வது?
– வாசகி, கோவை

நீங்கள் வயது வந்தவர். வேண்டும் என்றோ வேண்டாம் என்றோ உங்களுக்குச் சொல்லும் இடத்தில் நான் இல்லை. ஆனால் அவர் கேட்ட அந்த ஒரு வாக்கியத்தைச் சற்று நின்று பாருங்கள். நம்பிக்கை வேறு, விருப்பம் வேறு. ஒருவரை முழுக்க நம்பிக்கொண்டே, இன்று எனக்கு இது வேண்டாம் என்று சொல்லலாம். வேண்டாம் என்ற சொல்லை நம்பிக்கைக் குறைவாக மொழிபெயர்க்கும்போது, கேட்பவருக்கு அதை மறுக்க வழியில்லாமல் போகிறது. அவர் கெட்ட எண்ணத்தில் கேட்டிருக்க மாட்டார். ஆனாலும் அது அழுத்தம்தான், அதை அவருக்குச் சொல்லியாக வேண்டும்.

உங்கள் மனதை அறிய ஓர் எளிய வழி சொல்கிறேன். ஒருமுறை தெளிவாக, காரணங்களை அடுக்காமல், "இப்போதைக்கு எனக்கு வேண்டாம்" என்று சொல்லுங்கள். பிறகு வரும் இரண்டு வாரங்களைக் கவனியுங்கள். அவர் வழக்கம்போல் அழைக்கிறாரா, சாப்பிட்டாயா என்று கேட்கிறாரா, இல்லை பதில்கள் சுருங்குகின்றனவா, வாட்ஸ்அப்பில் பார்த்தும் பேசாமல் இருக்கிறாரா? உங்களையும் கவனியுங்கள். சொன்ன பிறகு மனம் இலேசானதா, இல்லை அவர் விலகிவிடுவாரோ என்று பதறியதா? அவர் வருத்தப்படுவார் என்ற கவலையை எடுத்துவிட்டுப் பார்த்தால் மிஞ்சும் ஆசை எவ்வளவோ, அதுதான் உங்களுடையது. பாதியில் நிறுத்து என்றால் முகம் சுளிக்காமல் நிறுத்துவார் என்று தோன்றுகிறதா? மறுநாள் காலையில், நீங்கள் வளர்ந்த நம்பிக்கைகளோடும் வீட்டாரின் முகத்தோடும் உங்களால் அமைதியாக இருக்க முடியுமா? காத்திருப்பது உங்களுக்கு முக்கியம் என்றால் அதைப் பழமை என்று எவரும் கேலி செய்ய இடம் கொடுக்காதீர்கள். முக்கியமில்லை என்றால் அதற்காகக் குற்ற உணர்வைச் சுமக்கவும் வேண்டாம்.

கருத்தடை பற்றி இருவரும் முகம் பார்த்துப் பேச முடியவில்லை என்றால் இன்னும் நேரம் வரவில்லை என்றே வைத்துக்கொள்ளுங்கள். ஆணுறை கர்ப்பத்தையும் தொற்றையும் ஒருங்கே தடுக்கும். அவசர கருத்தடை மாத்திரையைப் பாதுகாப்பற்ற உறவுக்குப் பின் 72 மணி நேரத்துக்குள், எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம் எடுக்க வேண்டும். அதை வழக்கமான முறையாக வைத்துக்கொள்ளக் கூடாது. கருப்பைவாய்ப் புற்றுநோயைத் தடுக்கும் எச்.பி.வி. தடுப்பூசியை 26 வயது வரை போட்டுக்கொள்ளப் பரிந்துரைக்கிறோம். முதல் உறவுக்கு முன் போட்டால் பயன் மிக அதிகம் என்பதால், நீங்கள் என்ன முடிவெடுத்தாலும் இதை இந்த மாதமே செய்துவிடுங்கள். கருக்கலைப்புச் சட்டத்தில் மணமான பெண்ணுக்கும் மணமாகாத பெண்ணுக்கும் வேறுபாடு காட்டக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2022 செப்டம்பரில் தீர்ப்பளித்திருக்கிறது; மருத்துவர் உங்கள் பெயரை வெளியிடவும் கூடாது. அந்தரங்கப் படம், காணொளி என்று யார் கேட்டாலும், எவ்வளவு அன்பாகக் கேட்டாலும், மறுத்துவிடுங்கள்.

மென்பொருள் துறையில் இருக்கிறேன். வயது 29. எந்தப் பெண்ணுடனும் பழகியதில்லை. நண்பர்கள் இதைச் சொல்லிக் கிண்டல் செய்கிறார்கள். அடுத்த மாதம் திருமணம். முதலிரவில் தோற்றுவிடுவேனோ என்று தூக்கம் வரவில்லை. சுய இன்பப் பழக்கம் இருந்ததால் நரம்புத் தளர்ச்சி வந்திருக்குமோ என்றும் பயமாக இருக்கிறது.
– வாசகர், ஓசூர்

உங்களுக்கு நரம்புத் தளர்ச்சி இல்லை, தம்பி. சுய இன்பத்தால் விந்து வற்றுவதோ உடல் தேய்வதோ நடக்காது. விந்து போனால் வலிமை போய்விடும் என்ற அச்சம் நம் நாட்டு ஆண்களிடம் எவ்வளவு ஆழமாக இருக்கிறது என்றால், மனநல மருத்துவர் என்.என். விக் 1960இல் அதற்குத் தாத் நோய்க்குறி என்று தனியாகப் பெயரே சூட்டினார். அந்த அச்சத்தை வைத்துத்தான், குறிப்பிட்ட தேதிகளில் லாட்ஜில் அறை எடுத்துத் தங்கி லேகியம் விற்கிறவர்கள் பிழைக்கிறார்கள். அங்கே மட்டும் போய்விடாதீர்கள்.

விடியற்காலை முகூர்த்தத்துக்காக மூன்று மணிக்கு எழுந்து, புகை நடுவே உட்கார்ந்து, முந்தைய நாள் வரவேற்பில் நான்கு மணி நேரம் சிரித்தபடி நின்ற உடலுக்கு அன்றிரவு வேண்டியது தூக்கம். பதற்றத்தில் சுரக்கும் அட்ரினலின் விறைப்பைக் குறைக்கும். அது எல்லா ஆண்களுக்கும் பொதுவான உடலியல். காலையில் எழும்போது இயல்பான விறைப்பு இருந்தால் உடல் நலமாகத்தான் இருக்கிறது என்று பொருள். உறவினர்கள் பஞ்சாங்கம் பார்த்துச் சாந்தி முகூர்த்தம் குறித்தாலும், கதவைச் சாத்திய பிறகு அங்கே நீங்கள் இருவர் மட்டும்தான். "எனக்கும் இது புதிது, இன்று பேசிக்கொண்டு தூங்கிவிடலாமா" என்று அவரிடம் கேட்டுப் பாருங்கள். நிம்மதிப் பெருமூச்சு விடுகிற மணப்பெண்கள் எத்தனையோ பேர் என்று எனக்குத் தெரியும். சில வாரங்கள் கழித்தும் சிரமம் இருந்தால் சிறுநீரகவியல் அல்லது மனநல மருத்துவரைப் பாருங்கள். இப்போதே மனம் பதறினால் 14416 என்ற எண்ணில், அரசின் மனநல உதவி அழைப்புச் சேவையான டெலி மானஸில், தமிழிலேயே பேசலாம், கட்டணம் இல்லை.

திருமணமாகி எட்டு மாதங்கள். கணவர் மிகவும் பொறுமையானவர். ஆனால் ஒவ்வொரு முறையும் என் உடல் தானாகவே இறுகிக்கொள்கிறது. எரிச்சலும் வலியும் தாங்க முடியவில்லை. இதுவரை உறவே நிகழவில்லை. மாமியார் மாதந்தோறும் "விசேஷம் உண்டா" என்று கேட்கிறார். என்னிடம் ஏதோ குறை இருக்கிறது என்று தினமும் அழுகிறேன். வயது 28.
– வாசகி, விருதுநகர்

அழாதீர்கள், அம்மா. இதற்கு வெஜைனிஸ்மஸ் என்று பெயர். கண்ணருகே விரல் வந்தால் இமை தானாக மூடிக்கொள்கிறதல்லவா, அதைப் போல இடுப்புத் தளத் தசைகள் உங்கள் விருப்பத்தைக் கேட்காமல் இறுகிக்கொள்கின்றன. நீங்கள் வேண்டுமென்றே செய்வதும் இல்லை, கணவர் மேல் அன்பில்லாததால் வருவதும் இல்லை. முதல் உறவு என்றால் கிழியும், இரத்தம் கொட்டும் என்று சிறுவயது முதல் கேட்டு வளர்ந்த பெண்களிடம் இதை நான் அடிக்கடி பார்க்கிறேன். உடல் தன்னைக் காத்துக்கொள்ளக் கற்றுக்கொண்டது. அதற்கு வேறொன்றைப் பொறுமையாகக் கற்றுக்கொடுக்க வேண்டும். பெரும்பாலோர் இதிலிருந்து முழுமையாக மீள்கிறார்கள்.

சிகிச்சை தொடங்கியதும் முதல் விதி, உறவு முயற்சியை இருவரும் ஒப்புக்கொண்டு நிறுத்திவைப்பது. ஒவ்வொரு தோல்வியும் தசைக்கு மறுபடி பயத்தைத்தான் கற்றுக்கொடுக்கிறது. பிறகு மூச்சுப் பயிற்சி, இடுப்புத் தளத் தசைகளை இறுக்கித் தளர்த்தும் பயிற்சி, கண்ணாடி வைத்துத் தன் உடலைத் தானே பார்த்துப் பழகுவது, தன் விரல் நுனி, அதன்பின் சிறியதிலிருந்து பெரியதாக டைலேட்டர் (யோனித் தசையை நெகிழப் பழக்கும் வழவழப்பான குழல்) என்று படிப்படியாகப் போக வேண்டும். சிலருக்குச் சில வாரங்களிலும், சிலருக்குப் பல மாதங்களிலும் பலன் தெரியும். இடுப்புத் தளப் பயிற்சி அறிந்த பிசியோதெரபிஸ்ட் பெரிய நகரங்களில் கிடைக்கிறார்கள். மதுரை உங்களுக்கு அருகில்தான். எண்டோமெட்ரியோசிஸ் (கருப்பையின் உள்சுவரைப் போன்ற திசு வெளியே வளர்வது), தொற்று போன்ற வேறு காரணம் உண்டா என்பதையும் மருத்துவர் பார்த்துவிடுவார். மாமியாருக்கு விளக்கம் சொல்ல வேண்டியது கணவர். "நாங்கள் சொல்லும்போது சொல்கிறோம், அம்மா" என்று அவர் ஒருமுறை சொன்னால் போதும்.

மகப்பேறு மருத்துவரிடம் போகும்போது கணவரையும் அழைத்துச் செல்லுங்கள். இந்தக் கடிதத்தில் எனக்கு எழுதியதை அப்படியே ஒரு தாளில் எழுதிக் கொண்டுபோய்க் கொடுத்தாலும் சரிதான், வாய் திறந்து சொல்லக் கூச்சமாக இருந்தால். முதல் நாளே உள்பரிசோதனை செய்ய வேண்டிய கட்டாயம் இல்லை. செய்கிற நாளிலும் நீங்கள் "நிறுத்துங்கள்" என்றால் அந்தக் கணமே கையை எடுக்க வேண்டும். எடுக்காத மருத்துவரிடம் மறுபடி போகாதீர்கள்.